தெற்குப் பட்டறையில் நின்ற பொழுது

ஆவணி 6, வெள்ளி

என் வீட்டுக்காரர் உயிரோடுதான் இருக்கிறார். இதை முதலில் எழுதிவிடுகிறேன். காலையிலிருந்து வந்தவர்கள் எல்லோரும் துக்கம் விசாரிப்பதுபோல் என் கையைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள். ஒவ்வொருவரிடமும் சொல்லிச் சொல்லித் தொண்டை கட்டிவிட்டது.

மகள் மேகலாவின் மாமியார் ஈரோட்டிலிருந்து போனில் கேட்டார்கள். அவர்களுக்கு எங்கள் தொழில் தெரியாது. அவர்களிடம் சொன்னதையே இங்கும் எழுதுகிறேன். மேகாம்பாளையத்தில் மலையடிப் பாறையிலிருந்து பொழுது ஊறுகிறது. மத்தியான வெயிலில் தார்ரோட்டின் மேல் கானல் நடுங்குமே, பார்வைக்கு அப்படித்தான் இருக்கும். அதைச் செம்புக் குழாயில் பிடித்து, அண்டாவில் சேர்த்து, பெட்டிகளுக்குள் வார்ப்பது எங்கள் பொழுதாளர் சங்கத்தின் வேலை. கண்தானத்துக்கு எடுத்த கண்ணை எங்கள் பெட்டியில் வைத்தால் எத்தனை நாள் கழித்துத் திறந்தாலும் அப்போதுதான் எடுத்ததுபோல் இருக்கும். பெட்டிக்குள் பொழுது நகராது.

இன்று தெற்குப் பட்டறையில் பெரிய அண்டாவின் ஒட்டு விட்டுவிட்டது. தரையோடு தரையாகப் பொழுது பரவ ஆரம்பித்ததும் எல்லோரும் வெளியே ஓடிவந்தோம். அவரும் வந்துவிட்டார். வாசலைத் தாண்டியபிறகு திரும்பிப் பார்த்தார். குழாயின் திருகு திறந்தே இருந்தது. பட்டறையின் பின்சுவரை ஒட்டித்தான் பள்ளிக்கூடம். யாரிடமும் ஒன்றும் சொல்லாமல் உள்ளே ஓடித் திருகை மூடினார். மூடிவிட்டுத் திரும்பியபோது அவரைச் சுற்றிப் பொழுது இறுகிவிட்டது.

இப்போது பட்டறையின் நடுவில் ஒரு அறை அளவுக்கு எல்லாம் நின்றுபோய்விட்டது. நடுவில் அவர் ஒரு காலைத் தூக்கியபடி நிற்கிறார். செருப்பு குதிகாலை விட்டுத் தொங்குகிறது. அவருக்கு முன்னால், ஓரத்தை ஒட்டி ஒரு ஈ அந்தரத்தில் நிற்கிறது.

சங்கத் தலைவி வஞ்சியம்மாள் அக்கா வந்து வெகுநேரம் பார்த்தார். பிறகு என்னிடம் சொன்னார்: "மூச்சு நின்னு போகல துளசி. அடுத்த மூச்சு இன்னும் வரல, அவ்வளவுதான்."

அதைக் கேட்டபிறகுதான் டீ குடித்தேன். பள்ளிக்கூடப் பிள்ளைகள் எல்லோரும் பத்திரமாக வீட்டுக்குப் போனார்கள்.

ஆவணி 8

வீட்டில் பேச ஆள் இல்லை. அதனால்தான் எழுதுகிறேன், வேறு காரணம் ஒன்றும் இல்லை.

நின்ற பொழுதை உடைக்கக் கூடாது. உடைத்தால் உள்ளே தேங்கிய வருடங்கள் அத்தனையும் ஒரே அடியாக உள்ளிருப்பவர் மேல் விழும். ஒருமுறை பாறைக்குழியில் ஒரு ஆடு இப்படி மாட்டிக்கொண்டபோது அவசரப்பட்டுக் கடப்பாரையால் தட்டினார்கள். எலும்பைத்தான் அள்ளினார்கள். அதனால் நூல் நூற்பதுபோல் ஓரத்திலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகத்தான் இழுக்கவேண்டும். ராட்டையில் இழுத்து, பக்கத்தில் வைத்த கருங்கல்லில் இறக்க வேண்டும். கல்லுக்கு எத்தனை வருடம் கூடினாலும் ஒன்றும் ஆகாது. ஆனால் ஓர் இழை இறங்கியதும் கல் சுட ஆரம்பித்துவிடும், அது ஆறும்வரை காத்திருக்க வேண்டும்.

சங்கத்தில் இழுப்பு வேலைக்கு இருப்பவர்கள் கொஞ்சம்பேர்தான். அதில் நானும் ஒருத்தி. நாளை முதல் தெற்குப் பட்டறையில் ராட்டை போடச் சொல்லிவிட்டார்கள். என் வேலை அது. செய்கிறேன்.

ஆவணி 13

முருங்கை மரம் முழுக்கக் கம்பளிப்பூச்சி. தீப்பந்தம் காட்டுவது அவர் வேலை. நானே காட்டினேன். புடவையில் ஓர் ஓட்டை.

ஆவணி 20, வெள்ளி

சங்கக் கூட்டம். கிட்டுசாமி எழுந்து பேசினான். வார்ப்பு வேலையில் இவருக்கு அடுத்த கை அவன்தான், இவரை அண்ணன் என்று கூப்பிடுகிறவன். நாலு பக்கமும் கருங்கல் சுவர் எழுப்பி மூடிவிடலாம் என்றான். ஐப்பசியில் இடி ஆரம்பித்துவிடும். பக்கத்தில் ஓர் இடி விழுந்தால் நின்ற பொழுது கடப்பாரையால் தட்டியது மாதிரி உடைந்துவிடும், அவரும் போய்விடுவார், உடைந்தது பள்ளிக்கூடத்துப் பக்கமும் சிதறும். சுவருக்குள் இருந்தால் இடி தொடாது.

"அண்ணன் அப்படியே இருப்பாருங்க. நமக்கப்பறம் வர்றவங்க வேற வழி கண்டுபுடிச்சு எடுத்துக்கட்டும்" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தான். உட்கார்ந்தபிறகு தலையைத் தூக்கவே இல்லை.

அவன்மேல் எனக்குக் கோபம் வரவில்லை. அவனுடைய இரண்டு பிள்ளைகளும் அந்தப் பள்ளிக்கூடத்தில்தான் படிக்கிறார்கள்.

வஞ்சியம்மாள் அக்கா என் அபிப்பிராயத்தைக் கேட்டார். வேலை பாதியில் இருக்கும்போது அபிப்பிராயம் சொல்லிப் பழக்கமில்லை என்றேன். கடைசியில் புரட்டாசி முடியும்வரை இழுக்கலாம், அதற்குள் ஆகாவிட்டால் சுவர் என்று முடிவானது.

வீட்டுக்கு வரும் வழியில் கால் கிலோ கத்தரிக்காய் வாங்கினேன். ஒரு ஆளுக்கு எவ்வளவு வாங்குவது என்று இன்னும் கைக்கு வரவில்லை.

ஆவணி 29

தரையில் சாக்கட்டியால் கோடு போட்டு வைத்திருக்கிறோம். நின்ற பொழுதின் ஓரம் கோட்டுக்கு உள்ளே நகர்வது கண்ணால் பார்த்தால் தெரிவதில்லை. கல் சுடுகிறது, ஆறுகிறது, திரும்பச் சுடுகிறது. நாங்கள் பாதி நேரம் கல்லைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருக்கிறோம். இந்த வேகத்தில் போனால் தை மாதம் ஆகும். எல்லோருக்கும் தெரியும், யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை.

நான் உட்காரும் இடத்திலிருந்து அவர் முகம் நேராகத் தெரியும். அவசரத்தில் இருக்கும்போது புருவத்தைச் சுருக்குவாரே, அந்த முகம். இவ்வளவு நேரம் அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டு நான் இருந்ததில்லை. இடது காதுக்குக் கீழே ஒரு மச்சம் இருக்கிறது. கல்யாணமாகி இத்தனை வருடத்தில் இப்போதுதான் பார்க்கிறேன்.

புரட்டாசி 2

இன்று சாப்பாட்டு நேரத்தில் மற்றவர்கள் வெளியே போனபிறகும் கொஞ்ச நேரம் ராட்டையில் உட்கார்ந்தேன். வேலை நன்றாக ஓடியது. அசதி.

புரட்டாசி 9

கோடு நன்றாகத் தெரியும்படி உள்ளே வந்துவிட்டது. அவருக்கு முன்னால் நின்ற ஈ இன்று பறந்துபோனது! பறந்துபோய் வாசல் நிலையில் உட்கார்ந்து காலைத் தேய்த்துக்கொண்டது. இழுப்பு வேலைக்காரர்கள் எல்லோரும் கைதட்டினார்கள். ஒரு ஈக்கு இவ்வளவு சந்தோஷப்படுவேன் என்று நினைத்ததில்லை.

கிட்டுசாமி வந்து பார்த்துவிட்டு, இந்த வாரம் நன்றாக இறங்குகிறதே என்று ஆச்சரியப்பட்டான். கல் மாற்றினோம் என்று சொன்னேன். கல்லை மாற்றியது உண்மைதான்.

ஊசியில் நூல் கோர்க்க முடியவில்லை. சந்தையில் கண்ணாடி வாங்கினேன்.

புரட்டாசி 13

இந்த மாதம் விலக்கு வரவில்லை. நின்றுவிட்டதுபோல இருக்கிறது. ஒரு தொல்லை விட்டது.

புரட்டாசி 18

மேகலா ஈரோட்டிலிருந்து வந்திருந்தாள். அவள் வருகிறாள் என்று தலைக்குச் சாயம் வாங்கிப் பூசிக்கொண்டேன். ஆனாலும் வந்ததும் பையைக்கூடக் கீழே வைக்காமல் என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். அப்பாவை நினைத்து உருகிப்போய்விட்டேன் என்று அவளாக ஒரு காரணம் கண்டுபிடித்துக்கொண்டாள். நான் உருகவில்லை என்றேன். குறட்டைச் சத்தம் இல்லாமல் வீடு நிம்மதியாக இருக்கிறது என்றும் சொன்னேன்.

பட்டறைக்குக் கூட்டிப்போய்க் காட்டினேன். அப்பாவைப் பார்த்ததும் அழுதாள். அழுது முடித்துவிட்டு, அப்பாவுடைய செருப்பு அறுந்துபோகப் போகிறது என்றாள். இரண்டு பேரும் சிரித்துவிட்டோம்.

பஸ் ஏற்றிவிட்டு வந்தேன். நிறுத்தத்திலிருந்து வீட்டுக்கு ஏறும் மேட்டில் இரண்டு இடத்தில் நின்று மூச்சு வாங்கவேண்டியிருந்தது.

புரட்டாசி 24

மறைத்து எழுதுவதில் இனி அர்த்தமில்லை. வஞ்சியம்மாள் அக்கா கண்டுபிடித்துவிட்டார்.

சாப்பாட்டு நேரம். நான் மட்டும் ராட்டையில் இருந்தேன். அக்கா மறந்துவைத்த வெற்றிலைப் பையை எடுக்க உள்ளே வந்தவர், போகிற போக்கில் கல்லின்மேல் கை வைத்தார்.

"கல்லு சில்லுன்னு இருக்குது துளசி."

ஆறிவிட்டது என்றேன்.

"ராட்டை சுத்திட்டிருக்குதே."

நான் ராட்டையை நிறுத்தினேன். அவர் என் கையை எடுத்துத் திருப்பிப் பார்த்தார். புறங்கைத் தோலைக் கிள்ளி விட்டார். தோல் மெதுவாகத்தான் இறங்கியது. கண்ணாடியைக் கழற்றிவிட்டு முகத்தைப் பார்த்தார். பிறகு முந்தானையை விலக்கிக் கழுத்தைப் பார்த்தார். ஆஸ்பத்திரியில் பார்ப்பதுபோல.

"எப்பருந்து?"

"புரட்டாசி பொறந்ததுல இருந்துங்க்கா."

"பொழுதை ஆள் மேல எறக்கக் கூடாதுங்கறதுதான் நம்ம மொதச் சட்டம். உனக்குத் தெரியாததா?"

"தெரியுங்க்கா. கல்லு ஆறுற வரைக்கும் மழை காத்திருக்காதுங்களே."

அக்கா அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். முந்தானையால் விசிறிக்கொண்டார். திட்டுவார் என்று பார்த்தேன், திட்டவில்லை. எத்தனை வருடம் வாங்கியிருப்பாய் என்று கேட்டார். பத்து இருக்கும் என்றேன். வலித்ததா என்றார். வலிக்கவில்லை. வெயிலில் நெடுந்தூரம் நடந்துவந்து வீட்டுப்படியில் உட்காரும்போது உடம்பு கனக்குமே, அப்படித்தான் இருக்கும் ஒவ்வொரு முறையும். அதைச் சொன்னேன்.

இன்னும் எவ்வளவு பாக்கி என்று பட்டறை நடுவில் நிற்பவரைக் காட்டிக் கேட்டார். இருபது வருடத்துக்கு மேல் தேங்கியிருக்கிறது என்றேன்.

"அதையும் நீயே வாங்கிக்கலாம்னு இருந்தியா?"

அக்கா ராட்டையின் கதிரைக் கழற்றித் தன் இடுப்பில் செருகிக்கொண்டு போய்விட்டார்.

புரட்டாசி 25

வீட்டில் இருக்கச் சொல்லிவிட்டார்கள். பரண் மேல் இருந்த பாத்திரம் எல்லாம் இறக்கித் தேய்த்தேன். மேற்கே மேகம் கட்டுகிறது. கருங்கல் லாரி பட்டறைப் பக்கம் போகும் சத்தம் கேட்டதுபோல இருந்தது. எட்டிப் பார்த்தேன். செங்கல் லாரி. வேறு யாரோ வீடு கட்டுகிறார்கள்.

புரட்டாசி 26, ஞாயிறு

கூட்டத்துக்குக் கூப்பிட்டார்கள். என்னைச் சங்கத்தை விட்டு நீக்கத்தான் என்று நினைத்துக்கொண்டு நல்ல புடவையாகக் கட்டிக்கொண்டு போனேன். சாயம் பூசவில்லை. எதற்குப் பூசுவது?

நான் உள்ளே போனதும் எல்லோரும் திரும்பினார்கள். தெரிந்த முகங்கள்தான், ஆனால் என்னை யாரோ ஊருக்குப் புதிதாக வந்தவளைப் போலப் பார்த்தார்கள். வஞ்சியம்மாள் அக்கா நடந்ததைச் சொன்னார். கூட்டாமல் குறைக்காமல் சொன்னார்.

கிட்டுசாமி எழுந்தான். சுவர் என்று ஆரம்பிப்பான் என எதிர்பார்த்தேன்.

"நாம நூறு பேருக்கு மேல இருக்கறோம். ஒருத்தரே தலையில வாங்குனா அது அநியாயம். ஆளுக்குக் கொஞ்சம் வாங்குனா ரெண்டு மூணு மாசந்தான். ரெண்டு மாசத்துல யாரும் கெழடாயிர மாட்டோம். எனக்கு ஒரு வருசம் வெச்சுக்குங்க. அண்ணன் மூடுன திருகு எம் புள்ளைங்களைப் பாத்துத் தெறந்திருந்த திருகு."

யாரோ சட்டம் என்று ஆரம்பித்தார்கள். வஞ்சியம்மாள் அக்கா, "சட்டம் போட்டதும் நாமதான். ஒரு வாரத்துக்கு அதைச் சுருட்டி வெச்சுக்கலாம்" என்றார். தன் பங்கு முதலில் என்றார்.

நான் அங்கேயே உட்கார்ந்து அழுதேன். இவ்வளவு நாள் அழவில்லை. இதையும் எழுதிவைக்கிறேன்.

புரட்டாசி 28

தெற்குப் பட்டறை வாசலில் வரிசை. ரேஷன் கடை வரிசையைவிட நீளம். ஆளாளுக்கு ராட்டைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து கையை நீட்டுகிறார்கள், இழுப்பு வேலைக்காரர்கள் இறக்குகிறார்கள், எழுந்து உதறிக்கொண்டு போகிறார்கள். என்னை இழுக்க விடவில்லை. மோர் கரைத்துக் கொடுக்கும் வேலை.

பிள்ளை உண்டாகியிருந்த ஒரு பெண் வந்து நின்றாள். அக்கா அவளைத் திருப்பி அனுப்பினார். பெரியவர் ஒருவர், தன்னிடம் மிச்சம் இருப்பதே கொஞ்சம் மாதம்தான், அதில் என்னத்துக்குக் கணக்குப் பார்ப்பது என்று கையை நீட்டினார். அவரையும் அனுப்பினார். அவர் கோபித்துக்கொண்டு மோர்கூடக் குடிக்காமல் போனார். தை மாதம் கல்யாணம் வைத்திருக்கும் ஒரு பையன், மூன்று மாதம் சீக்கிரம் போனால் தனக்கு லாபம்தானே என்று கேட்க, மூன்று மாதம் போவது உன் உடம்புக்குத்தான், காலண்டருக்கு இல்லை என்று எல்லோரும் அவனைக் கிண்டலடித்தார்கள்.

கிட்டுசாமி சொன்னபடி ஒரு வருடம் வாங்கினான். எழுந்தவன் என்னிடம் வந்து இரண்டு தம்ளர் மோர் வாங்கிக் குடித்தான்.

ஐப்பசி 1

பாதி அறை வந்துவிட்டது. திருகும் குழாயும் எங்கள் பக்கம். இரவு மழை பெய்திருக்கிறது. இடி இல்லை.

ஐப்பசி 3, ஞாயிறு

வந்துவிட்டார்.

எழுத்து கோணலாக விழுகிறது. ஆனாலும் எழுதிவிட வேண்டும்.

மத்தியானம் மலைக்குப் பின்னால் உருட்ட ஆரம்பித்தது. அவரைச் சுற்றி ஒரு சாக்கு அகலத்துக்குத்தான் பாக்கி. இழுப்பு வேலைக்காரர்கள் ராட்டையை நிறுத்தவே இல்லை. வரிசையில் நின்றவர்கள் ஒருவர் பின் ஒருவராகக் கையை நீட்டிக்கொண்டே இருந்தார்கள். முதல் முறை இடித்தபோது பட்டறையின் தகரக் கூரை அதிர்ந்தது. அவர் உருவம் தண்ணீருக்குள் தெரிவதுபோல் கலங்கியது. நான் மோர்க் குண்டானைப் பிடித்துக்கொண்டு நின்றேன். வஞ்சியம்மாள் அக்கா மட்டும் சத்தமே இல்லாமல் இழு, இழு என்று உதட்டை அசைத்துக்கொண்டிருந்தார்.

தூக்கிய கால் கீழே வந்தது. செருப்பு தரையில் பட்ட சத்தம் எனக்குக் கேட்டது. ஓடி வந்த வேகத்தில் நாலு எட்டு வைத்து, கிட்டுசாமி மேல் மோதி நின்றார். அதற்கப்புறம்தான் பெரிய இடி விழுந்தது. விழுந்து என்ன? உள்ளே உடைய ஒன்றும் இல்லை.

"திருகை மூடிட்டேன். எல்லாரும் ஏன் இங்கயே நிக்கறீங்க? வெளிய போங்க, வெளிய போங்க" என்று எல்லோரையும் விரட்டினார். யாரும் நகரவில்லை. சிரிக்கிறவர்கள் சிரித்தார்கள், அழுகிறவர்கள் அழுதார்கள். அவருக்கு ஒன்றும் விளங்கவில்லை. கூட்டத்தில் என்னைத் தேடினார். அவர் கண் என்னைத் தாண்டிப் போயிற்று. பிறகு திரும்பி வந்து என்மேல் நின்றது.

"அத்தை, நீங்க எப்ப தாராபுரத்துல இருந்து வந்தீங்க? துளசி எங்கீங்க?"

என்னை என் அம்மா என்று நினைத்துவிட்டார்.

அம்மாவுடைய குரல் எனக்கு இல்லை. "நாந்தானுங்க" என்றேன். குரலைக் கேட்டதும் அவர் முகம் போன போக்கை எழுத வரவில்லை. குண்டானைக் கீழே வைத்தேன். மோர் சிந்திவிட்டது.

ஐப்பசி 4

தூங்குகிறார். குறட்டை தெருவரைக்கும் கேட்கிறது. கேட்கட்டும்.

ஐப்பசி 7

ஊரில் நடந்ததை எல்லாம் வஞ்சியம்மாள் அக்கா அவரிடம் சொல்லிவிட்டார். இரண்டு நாளாக என்னிடம் பேச்சு இல்லை. தண்ணீர்த் தொட்டியைக் கழுவினார். மாட்டுக்கொட்டகைக் கூரையைப் பிரித்து மேய்ந்தார். மாடு விற்று எத்தனையோ காலம் ஆகிறது.

ஐப்பசி 9

இன்று காலை முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தேன். எதிரில் வந்து உட்கார்ந்தார். அவரும் இரண்டு கொத்து எடுத்து உருவினார்.

"என்னை ஒரு வார்த்தை கேட்டிருக்கோணும்."

"கேக்கறதுக்கு நீங்க எங்கிருந்தீங்க?"

இன்னொரு கொத்தை எடுத்து உருவினார்.

"நான் உள்ள போனப்ப உன்னைக் கேட்டுட்டா போனேன்?" என்று அவரே சொல்லிக்கொண்டார். பிறகு என் புறங்கையைத் தொட்டார். அக்கா கிள்ளிப் பார்த்த அதே இடம். கிள்ளவில்லை, தடவினார். காம்பு எல்லாம் கீரையோடு கலந்துவிட்டது, திரும்பப் பொறுக்கினோம்.

அவருக்கும் எனக்கும் எட்டு வயது வித்தியாசம். இப்போது பார்க்கப்போனால் நான்தான் மூத்தவள். அதைச் சொன்னபோது முதலில் முறைத்தார். பிறகு மீசைக்குள் சிரித்ததைப் பார்த்துவிட்டேன்.

ஐப்பசி 15

சட்டத்தை மறுபடி விரித்துவிட்டார்கள். ஆள்மேல் பொழுது இறக்கியதற்கு ஒரு வருடம் நான் ராட்டையைத் தொடக் கூடாது என்று கூட்டத்தில் தீர்மானம். அதற்குக் கை தூக்கியவர்களில் நானும் ஒருத்தி. அதுவரை பெட்டி கட்டும் பிரிவில் வேலை. அங்கே ஜன்னல் பக்கம் நல்ல காற்று, உட்கார நாற்காலி உண்டு. தண்டனை என்று சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள்.

ஐப்பசி 22, வெள்ளி

மேகலா கூப்பிட்டுக்கொண்டே இருந்தாள் என்று ஈரோட்டுக்குக் கிளம்பினோம். அவர் பட்டறையை விட்டு வெளியூர் வருவது வெகுநாளுக்குப் பிறகு இப்போதுதான்.

பஸ்ஸில் கூட்டம். ஒரு பெண் என்னைப் பார்த்ததும் எழுந்து, உக்காருங்கம்மா என்று இடம் கொடுத்தாள். இதுவரை எனக்கு யாரும் எழுந்து இடம் கொடுத்ததில்லை. கூச்சமாக இருந்தது. ஆனால் உட்கார்ந்ததும் முழங்கால் அந்தப் பெண்ணை வாழ்த்தியது. அவர் கம்பியைப் பிடித்தபடி பக்கத்தில் நின்றார்.

என் அருகில் இருந்த அம்மா பேச்சுக் கொடுத்தார். எங்கே போகிறீர்கள், மகள் வீட்டுக்கா, எத்தனை பிள்ளைகள் என்றெல்லாம் கேட்டுவிட்டு அவரைக் காட்டி, "உங்க தம்பிங்களா?" என்றார்.

நான் வாயைத் திறப்பதற்குள் அவர் குனிந்து சொன்னார்: "வீட்டுக்காரனுங்க. போன ஆவணி வரைக்கும் இவங்க என்னைவிடச் சின்னவங்க."

அந்த அம்மாவுக்கு ஒன்றும் புரியவில்லை. எங்கள் இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். எனக்கு அடக்க முடியாத சிரிப்பு. முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பினேன். வெளியே மஞ்சள் போட்ட காடு மழையில் நனைந்து பச்சையாக நின்றது. பெருந்துறை வரைக்கும் சிரித்தேன்.

ஈரோட்டில் அவர் முதலில் இறங்கிக் கையை நீட்டினார். "பாத்து மெதுவா எறங்குங்க" என்றார். இத்தனை வருடமாக என்னை வா, போ என்று சொல்லி வந்த மனிதர். கேலிதான். எனக்கும் தெரியும். படியிலேயே ஒரு நிமிடம் நின்றேன், இன்னொரு முறை சொல்லட்டும் என்று.

சொன்னார்.